சுத்திப் போகலாம்தானே

என் தம்பி இங்கிலாந்தில் நடக்கிறான். கடைக்கு நடக்கிறான், வேலைக்கு நடக்கிறான் என்றால் அதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. அதற்கெல்லாம் அவனிடம் கார் இருக்கிறது. அந்தக் காரில் இரண்டு மணித்தியாலம் ஓடிப்போய், ஒரு மலையடிவாரத்தில் அதை நிறுத்திவிட்டு, பிறகு நடக்கிறான். மலைகளையும் மேய்ச்சல் நிலங்களையும் சுற்றிக்கொண்டு பெரிய வட்டமாகப் போகும் பாதை அது. ஒரே மூச்சில் நடந்தால் ஒரு கிழமைக்கு மேல் எடுக்குமாம். அவனும் அவனுடைய கூட்டாளிகளும் அதைத் துண்டு துண்டாகப் பிரித்து, சனிக்கிழமைக்கு ஒரு துண்டாக நடந்து, கடைசியில் தொடங்கிய இடத்திலேயே வந்து நிற்பார்கள். நின்று கைதட்டுவார்கள். அந்தப் படம் எனக்கு போனில் வரும்.

"எங்க போறதுக்கு இந்தப் பாதை?" என்று ஒருமுறை கேட்டேன்.

"ஒரு இடமும் போறதுக்கில்லை அக்கா. நடக்கிறதுக்குத்தான்."

நான் கிளிநொச்சியில் வயல் செய்கிறவள். எங்கள் பக்கத்தில் ஒரு மனுசன் ஓரிடமும் போகாமல் களைக்கக் களைக்க நடந்தால், வீட்டுக்காரர் அவனைப் பிடித்து வற்றாப்பளை அம்மனிடம் கொண்டுபோய்த் திருநீறு போடுவிப்பார்கள். இவனுக்கோ அங்கே அதற்கென்று ஒரு சங்கம், அந்தச் சங்கத்துக்கு ஒரு தலைவர், மழைக்கு ஒரு சட்டை, வெயிலுக்கு ஒரு தொப்பி. கழுத்தில் பிளாஸ்டிக் உறைக்குள் வரைபடம் தொங்கும். கால் இரண்டும் நன்றாக இருக்கிறவனுக்குக் கையில் இரண்டு ஊன்றுகோல். சின்ன வயதில் பள்ளிக்கூடம் போவதற்கு நடக்கப் பஞ்சிப்பட்டு, என் சைக்கிள் பாரில் ஏறியிருந்து, முழு வழியும் "கெதியா மிதியுங்கோ அக்கா" என்று என்னை அதட்டினவன் இவன்தான்.

அவனுடைய நடையைச் சொல்வதற்கு முன் அவனுடைய கேற்றைச் சொல்ல வேண்டும்.

குடியேற்றத் திட்டத்தில் குளத்துக்குக் கீழே காணி கொடுத்த காலத்தில் எங்கள் தாய் தகப்பன் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்கள். ரோட்டுக்கரை மேட்டுக்காணியை அப்பா இரண்டாக்கி எனக்கும் தம்பிக்கும் எழுதினார். இரண்டும் பக்கத்துப் பக்கத்துக் காணி. தம்பியின் காணிக்குப் பின்னால் ஒரு வாய்க்கால். வாய்க்காலுக்கு அப்பால் ஒரு குடும்பத்தின் வீடும் வயலும். அவர்கள் மலையகத் தோட்டத்திலிருந்து வந்து, காடு வெட்டி, அந்த நிலத்தை வயலாக்கியவர்கள். இப்போது அதைச் செய்வது அந்தக் குடும்பத்தின் மூத்த மகள். என்னைவிட இரண்டு வயது கூடியவர். ஆனாலும் அவர் என்னை "அம்மா" என்பார், நான் அவரை "நீர்" என்பேன். அது ஏன் அப்படி என்று நாற்பது வருடமாக நாங்கள் இருவரும் கேட்டதில்லை.

அவர்கள் ரோட்டுக்கு வருவது எங்கள் காணிக்குள்ளால்தான். அப்பா அதற்காக வேலியில் ஒரு கடப்பு வைத்தார். நட்டுத் தழைத்த இரண்டு கதியால், குறுக்கே மூன்று தடி. ஆள் என்றால் ஏறிக் கடக்கலாம். வண்டி என்றால் தடியை உருவிவிட்டுப் போகலாம். மாடு வராது, மனுசர் வரலாம். ஏறுவதற்கு முன் அந்தப் பக்கம் நின்று, "வீட்டுல யாருங்க, போறேங்க" என்று ஒரு குரல் கொடுப்பார்கள். இந்தப் பக்கமிருந்து யாராவது "ஓம்" என்போம். பிறத்தியார் காணிக்குள் குரல் கொடுக்காமல் கால்வைப்பது எங்கள் ஊரில் கள்ளன் மட்டும்தான்.

மூன்று வருடத்துக்கு முன் தம்பி விடுமுறையில் வந்தான். வந்த இரண்டாம் நாளே கொங்கிறீற் தூண் இறங்கியது, முள்ளுக்கம்பி இறங்கியது. கடப்பு நின்ற இடத்தில் ஓர் இரும்புக் கேற், அதில் தேங்காயளவு ஆமைப்பூட்டு. அப்பா வைத்த கதியால் இரண்டும் வேரோடு பிடுங்கப்பட்டு விறகாகக் கிடந்தன.

"பின்னுக்கு இருக்கிற ஆக்கள் எங்கால போறது?" என்று கேட்டேன்.

"சுத்திப் போகலாம்தானே."

சுற்றிப் போவதென்றால் வாய்க்கால் கட்டால் போய், குளத்து ரோட்டில் ஏறி, பள்ளிக்கூடத்தைத் தாண்டி, எங்கள் வாசலுக்கு வர வேண்டும். வெறுங்கையோடு நடந்தாலே முக்கால் மணித்தியாலம். அந்தக் கட்டின்மேல் சைக்கிள்கூட ஒழுங்காகப் போகாது. நெல் வெட்டுகிற மெசின் போகவே போகாது.

"காணிக்குள்ளால சனத்தை நடக்க விட்டா நாளைக்கு அது பாதையாகிப்போம் அக்கா. பிறகு உரிமை எண்டு வந்து நிப்பினம்" என்றான். அந்த ஆட்களை அவன் ஒரு சொல்லால் சொன்னான். அந்தச் சொல்லை நான் இங்கே எழுதவில்லை. எங்கள் ஊரில் அதை எல்லோரும் கேட்டிருக்கிறார்கள், பலர் சொல்லியும் இருக்கிறார்கள். பாதையைப் பற்றி இவ்வளவு சட்டஞானம் இவனுக்கு எங்கிருந்து வந்தது என்று அப்போது நான் யோசிக்கவில்லை.

பூட்டின் திறப்பை என்னிடம் தந்துவிட்டு அவன் விமானம் ஏறினான். அடுத்த நாள் விடியவே நான் பூட்டைத் திறந்துவிட்டேன். பொழுதுபட்டதும் பூட்டினேன். இரண்டு வருடம் இதே வேலை. அவனுக்குச் சொல்லவில்லை. பின்காணிக்காரர், அந்த மூத்த மகள், முன்பு கடப்படியில் நின்று கொடுத்த குரலை இப்போது கேற்றடியில் நின்று கொடுத்தார். "அம்மா, போறேங்க." நான் குசினிக்குள் இருந்தபடியே "போம்" என்பேன். பெரிய தர்மம் செய்கிறவள் என்ற நினைப்பும் எனக்குள் இருந்தது. அந்த நினைப்பைத்தான் இப்போது யோசிக்க அருவருப்பாக இருக்கிறது.

போன வருடம் தம்பியின் மகள் பல்கலைக்கழகம் முடித்தாள். அந்த விழாவுக்கு என்னைக் கூப்பிட்டார்கள். விசா கிடைத்தது. மூன்று மாதம். நான் போகும் நாளில் வயலெல்லாம் சிறுபோக நெல் முழங்காலளவு நின்றது. பின்காணிக்காரர் முதல்நாளே வந்து முற்றத்தில் நின்றார்.

"அறுப்புக்கு மெசினு வரும்மா. அதுக்குள்ள வந்துருவீங்களா?"

"மெசின் ஆவணி கடைசியிலதான் வரும். நான் அதுக்கு முன்னம் வந்திடுவன். எண்டாலும் திறப்பை உம்மட்டைத் தந்திட்டுப் போறன்" என்றேன்.

அந்த வருடம் அவருடைய நெல் முழுவதும் அந்தக் கேற்றால்தான் வெளியே வர வேண்டியிருந்தது. வேறு வருமானம் அவருக்கு இல்லை. அது எனக்கு நன்றாகத் தெரியும்.

அன்று பின்னேரம் தம்பியின் போன் வந்தது. சூட்கேசின் நிறை, குளிர்ச்சட்டை, கருவாடு என்று பலதும் சொல்லிவிட்டுக் கடைசியில் சொன்னான். "கேற்றுத் திறப்பு பத்திரம் அக்கா. ஒருத்தரிட்டையும் குடுத்திட்டு வந்திடாதேங்கோ."

அடுத்த நாள் காலை வான் வாசலில் நின்றது. பின்காணிக்காரர் கேற்றுக்கு அந்தப் பக்கம் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். திறப்பு என் கையில் இருந்தது. நான் கையைத் தூக்கி ஆட்டினேன். ஆட்டிவிட்டு, திறப்பைக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டு வானில் ஏறினேன். லண்டன் போய்ச் சேர்ந்து போன் எடுத்து, "மறந்து கொண்டு வந்திட்டன்" என்று அவருக்குச் சொன்னேன். ஊரிலும் எல்லோருக்கும் அதுதான் சொன்ன கதை. மறக்கவில்லை. தம்பி எடுத்துத் தந்த டிக்கெட்டில் போகிறவள் தம்பியின் சொல்லை மீறினால் மரியாதையில்லை என்று நினைத்தேன். அதற்குப் பெயர் மரியாதை அல்ல, பயம்.

அவர் போனில் சொன்ன மறுமொழி இதுதான். "பரவால்லங்கம்மா. சுத்திப் போய்க்கிறேங்க."

இங்கிலாந்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பச்சை பச்சை என்று எழுதுவார்கள். பச்சைதான். பார்த்துக்கொண்டே இருந்தால் அலுத்துப்போகும் பச்சை. விழா முடிந்து ஒரு மாதம் நான் தம்பி வீட்டுக் கதிரையில் இருந்து யன்னலால் அந்தப் பச்சையைப் பார்த்தேன். பிறகு அவனுடைய வட்டத்தின் கடைசித் துண்டு வந்தது. அந்தச் சனிக்கிழமை நடந்து முடித்தால் வட்டம் பூர்த்தி. அவன் மனைவி புத்திசாலி. கால் நோகிறது என்று வீட்டில் நின்றுவிட்டாள். நான் அகப்பட்டேன்.

"மலைக்காத்து உடம்புக்கு நல்லது அக்கா. ஊரில உங்களுக்கு இப்பிடிக் காத்து கிடைக்காது."

ஊரில் எனக்குக் காற்றுக்குக் குறைவில்லை. ஆனையிறவால் பஸ்ஸில் போகிறபோது அடிக்கிற உப்புக்காற்று இவன் தொப்பியை இந்தியா வரைக்கும் கொண்டுபோகும். அதைச் சொல்லவில்லை. சேலையை உயர்த்திச் செருகி, மருமகளின் ஓட்டச் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு புறப்பட்டேன்.

மலையடியில் கூட்டாளிகள் நின்றார்கள். ஏழெட்டு வெள்ளைக்காரர், எல்லோரும் ஓய்வுபெற்றவர்கள், ஒரு நாய். என்னைப் பார்த்ததும் எல்லோரும் "லவ்லி" என்றார்கள். வானத்தைப் பார்த்தும் "லவ்லி" என்றார்கள். நாய் புல்லில் மலம் கழித்தது. அதை ஒரு மனுசி பையில் அள்ளிக் கட்டித் தன் முதுகுப்பையில் தொங்கவிட்டுக்கொண்டு நடந்தா. நான் அந்த மனுசிக்குப் பின்னால் போகாமல் பார்த்துக்கொண்டேன்.

மலை என்று அவர்கள் சொன்னது புல் முளைத்த மேடு. ஒன்று ஏற, அடுத்தது நிற்கும். அது ஏற, இன்னொன்று. மேலே ஏறியதும் எல்லோரும் ஒரே பக்கம் பார்த்துக்கொண்டு நின்று மூச்சு வாங்குவார்கள். "என்ன பாக்கினம்?" என்றேன். "காட்சி" என்றான் தம்பி. நானும் பார்த்தேன். செம்மறி. முதல் மேட்டிலும் செம்மறி, இரண்டாவதிலும் செம்மறி. இதில் எதைப் பார்க்க இத்தனை சனிக்கிழமை வேண்டும் என்று எனக்கு விளங்கவில்லை. ஒரு வீட்டுக்குப் போகாமல், ஒரு சாமானும் தூக்காமல், ஒரு ஆளையும் பார்க்காமல் நடக்கிறார்கள். களைத்ததும் ரொட்டிக்குள் வெள்ளரிக்காய் வைத்துத் தின்கிறார்கள். அதற்குப் பெயர் சாப்பாடு.

நாய்க்கார மனுசி என்னிடம் ஏதோ கேட்டா. தம்பி மொழிபெயர்த்தான். "உங்கட ஊரிலயும் இப்பிடி நீண்ட நடை நடக்கிறவையோ எண்டு கேக்கிறா."

"ஓம், ஒருக்கா நடந்தனாங்கள் எண்டு சொல்லு. கிளிநொச்சியில வெளிக்கிட்டு விசுவமடு, புதுக்குடியிருப்பு, முள்ளிவாய்க்கால். அங்கயிருந்து வவுனியாவில முகாம். பிறகு திரும்பி கிளிநொச்சிக்கே வந்தனாங்கள். அதுவும் வட்டம்தான். ஒண்டரை வருசம் எடுத்தது. வெளிக்கிட்ட ஆக்கள் எல்லாரும் திரும்பி வரேல்லை எண்டும் சொல்லு."

தம்பி மனுசியிடம் ஆங்கிலத்தில் நாலைந்து சொல் சொன்னான். மனுசி என் தோளைத் தொட்டு, "லவ்லி" என்றா.

அவன் என்ன சொன்னான் என்று நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அந்த மேட்டிலிருந்து அவனைத் தள்ளி விழுத்தியிருப்பேன்.

மத்தியானத்துக்கு முன் ஒரு கல்மதிலடிக்கு வந்தோம். மதிலுக்கு அந்தப் பக்கம் ஒரு கமக்காரனின் நிலம். மாடு மேய்ந்துகொண்டிருந்தது. தூரத்தில் அவனுடைய வீடு. மதிலில் ஓரிடத்தில் மரத்தால் ஏறுபடி வைத்திருந்தார்கள்.

"ஸ்டைலால ஏறுங்கோ அக்கா" என்றான் தம்பி.

சேலையோடு எப்படி ஸ்டைலாக ஏறுவது என்று திகைத்து நின்றேன். பிறகுதான் விளங்கியது, அந்த ஏறுபடிக்கே அதுதான் பெயர். குறுக்கே மரம், இந்தப் பக்கம் ஒரு படி, அந்தப் பக்கம் ஒரு படி. மாடு வராது, மனுசர் வரலாம்.

"டேய், இது கடப்பு."

"என்ன?"

"கடப்பு. அப்பா வைச்ச மாதிரி."

அவன் சிரித்தான். "ஓமோம், அப்பிடியும் ஒரு சொல் இருந்ததுதான்." இருந்ததாம். விறகாக்கிவிட்டு, இருந்தது என்கிறான்.

எல்லோரும் ஏறி அந்தப் பக்கம் குதித்துப் போனார்கள். என்னால் முடியவில்லை. கால் ஏறியது, மனம் ஏறவில்லை. அந்நிய மனுசனின் காணி. மாடு நிற்கிறது, வீடு தெரிகிறது, ஒரு குரல் கொடுக்காமல் எப்படி இறங்குவது? படியில் ஏறி நின்றபடி கையை வாயில் குவித்து, "வீட்டுக்காரர்! ஆரும் நிக்கிறியளோ?" என்று கூப்பிட்டேன். வயல்வெளியில் பழகிய தொண்டை. மாடுகள் நிமிர்ந்தன. நாய் குரைத்தது. முன்னால் போனவர்கள் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். தம்பிக்கு முகம் கறுத்துப்போயிற்று.

"அக்கா, மானத்தை வாங்காதேங்கோ. இஞ்ச கேக்கத் தேவையில்லை."

வீட்டுப் பக்கமிருந்து கமக்காரனே வந்துவிட்டான். என் வயதுக் கிழவன், சேற்றுச் சப்பாத்து, கிழிந்த சட்டை. அன்று நான் பார்த்தவர்களில் வேலைக்காக நடந்த ஒரே மனுசன். என்ன விசயம் என்று கேட்டான். தம்பி நெளிந்து நெளிந்து விளக்கினான். கிழவன் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு ஏதோ சொன்னான். சிரிக்கவில்லை.

"என்னவாம்?"

"தன்னட்டைக் கேக்கத் தேவையில்லையாம். காணிதான் தன்ரையாம், பாதை தன்ரையில்லையாம்." சொல்லும்போதே தம்பிக்குப் பெருமை ஏறிக்கொண்டு வந்தது. "இதுதான் அக்கா இந்த நாடு. சனம் கன வருசம் நடந்த பாதையை காணிக்காரன் மறிக்கேலாது. மறிச்சா சட்டம் பிடிக்கும். நான் இந்தச் சங்கத்தில சேர்ந்தாப் பிறகுதான் இதெல்லாம் படிச்சனான்."

நான் அவன் முகத்தைப் பார்த்தேன். தான் சொன்னது தன் காதிலாவது விழுந்ததா என்று பார்த்தேன். அப்போதுதான் எனக்கு விளங்கியது. இவன் மறந்துபோய்க் கதைக்கவில்லை. இந்த மலைகளில் நடந்து நடந்துதான் அந்தப் பாடத்தைப் படித்திருக்கிறான். கனகாலம் நடந்தால் பாதை சனத்துடையதாகிவிடும் என்று இங்கே தெரிந்துகொண்டு, அது தன் காணியில் நடந்துவிடக்கூடாது என்று அங்கே வந்து கேற் போட்டிருக்கிறான். இங்கே நடக்கிறவன், அங்கே மறிக்கிறவன். இரண்டுக்கும் ஒரே படிப்பு. என் சொந்தத் தம்பியைப் பார்க்க எனக்கு வெட்கமாக இருந்தது. திறப்பைக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டு வந்த அக்காவை நினைக்க இன்னும் வெட்கமாக இருந்தது.

கடப்பால் இறங்கி நடந்தேன். அடுத்த மேட்டின் உச்சியில்தான் போனில் சிக்னல் இழுத்தது. கைப்பைக்குள் வைபர் அடித்தது. பின்காணிக்காரர்.

"அம்மா, மெசினு நாளைக்குக் காலையிலயே வருதாம்மா. இந்த வருசம் எல்லாம் முந்திருச்சு. நாளைக்கு விட்டா அவங்க வேற ஊருக்குப் போயிருவாங்களாம். மேகமும் கட்டுதுங்க. நெல்லு சாய ஆரம்பிச்சிருச்சு."

"பூட்டை உடைச்சுப்போடும்" என்றேன்.

"ஐயோ, அது எப்படிங்கம்மா? ஐயாவோட பூட்டு. அவர கேக்காம எப்படிங்க உடைக்கிறது?"

சாயத் தொடங்கிய நெல்லில் மழை விழுந்தால் என்ன ஆகும் என்று வயல் செய்கிறவளுக்குச் சொல்லத் தேவையில்லை. நிலத்திலேயே முளைவிடும். ஒரு போகம் போய்விடும். என் வயலில் நின்றாலும் அவர் வயலில் நின்றாலும் நெல் நெல்தான்.

தம்பி பத்தடி முன்னால் அடுத்த கடப்பை நெருங்கிக்கொண்டிருந்தான். போனைப் பொத்திக்கொண்டு விசயத்தைச் சொன்னேன். கேற்றை இரண்டு வருடமாக நானே திறந்துவிட்டு வந்ததையும் சேர்த்துச் சொன்னேன்.

"என்ன அக்கா செய்து வைச்சிருக்கிறியள்? இப்ப விட்டா இது பழக்கமாயிடும். மெசினை குளத்து ரோட்டால கொண்டுவரச் சொல்லுங்கோ. சுத்திப் போகலாம்தானே."

நான் அவனைத் தாண்டிப் போனேன். கடப்பில் ஏறினேன். குறுக்கு மரத்தில் தொப்பென்று குந்தினேன். இரண்டு பக்கத்துக் கம்பத்தையும் கைகளால் பிடித்துக்கொண்டேன். நான் சின்ன உடம்புக்காரி அல்ல. சேலையும் விரிந்து நின்றது. அந்த இடைவெளியால் ஒரு செம்மறிக்குட்டியும் போயிருக்காது.

"எழும்புங்கோ அக்கா. ஆக்கள் வருகினம்."

"சுத்திப் போகச் சொல்லு."

"என்ன கதைக்கிறியள்? இதாலதான் பாதை."

"மதில் கரையால நடந்து, அந்த மேட்டுக்குப் பின்னால இறங்கி, அங்கால ஏறட்டும். கால் இருக்கு, தடியும் இருக்கு. சுத்திப் போகலாம்தானே."

கூட்டாளிகள் வந்து சேர்ந்துவிட்டார்கள். ஒருவர் பின் ஒருவராக வரிசையில் நின்றார்கள். அந்த ஊர்ச் சனத்துக்கு வரிசை என்றால் போதும், ஏன் என்று கேளாமல் நிற்கும். நாய்க்கார மனுசி எட்டிப்பார்த்து ஏதோ கேட்டா. தம்பி பல்லைக் காட்டிக்கொண்டு "யெஸ், யெஸ்" என்றான். அவன் நெற்றியில் வியர்வை. மலைக்காற்று அதற்கு உதவவில்லை.

"இப்பிடி ஒருத்தரும் பாதையை மறிக்கக்கூடாது அக்கா. இஞ்ச அது குற்றம்." குரலைத் தாழ்த்திச் சொன்னான்.

"ஓம். இப்ப சொன்னதை இதுக்குள்ள சொல்லு" என்று போனை நீட்டினேன்.

வாங்கவில்லை. நானும் எழும்பவில்லை. தொடங்கிய இடம் அங்கிருந்து பார்க்கத் தெரிந்தது. கார்கள் சின்னதாக மின்னின. அவனுடைய வட்டம் முடிய அந்தச் சரிவு ஒன்றுதான் பாக்கி. நடுவில் நான் இருந்தேன். சங்கத் தலைவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். நாய் சலித்துப்போய்ப் படுத்துவிட்டது. கடைசியில் தம்பி போனை என் கையிலிருந்து பறித்தான்.

"ஹலோ, ஓம், நான்தான் கதைக்கிறன். அந்த பூட்டை உடைச்சுப்போட்டு மெசினைக் கொண்டு போங்கோ. ஓம். சரி." எல்லோரும் பார்க்கிறார்கள் என்பதால் சிரித்துக்கொண்டே சொன்னான். அங்கிருந்து வந்த குரல் எனக்கும் கேட்டது.

"ரொம்ப நன்றிங்கய்யா. பூட்ட உடைக்கலைங்க. கேட்டக் கழட்டி வச்சிட்டு, வேல முடிஞ்சதும் மாட்டிர்றேங்க."

நான் எழும்பினேன். கூட்டாளிகள் ஒவ்வொருவராகக் கடந்து போகையில் எனக்கு நன்றி சொன்னார்கள். நான் களைத்துப்போய்க் குந்தியிருந்தேன் என்று நினைத்திருக்க வேண்டும். கார் நிறுத்துமிடத்தில் எல்லோரும் கைதட்டினார்கள், படம் எடுத்தார்கள். அந்தப் படத்தில் தம்பி சிரிக்கவில்லை.

ஊர் திரும்பி வானால் இறங்கியதும் முதலில் கேற்றடிக்குப் போனேன். கேற் மாட்டியிருந்தது. பூட்டு ஒரு கீறலும் இல்லாமல் தொங்கியது. பிணைச்சலுக்கு எண்ணெய் போட்டிருந்தார்கள். முன்பு கத்திக்கொண்டு திறக்கும் கேற் சத்தமில்லாமல் திறந்தது. வயல் வெட்டி வெறுமையாகக் கிடந்தது. நெல் மழைக்கு முன் வீட்டுக்குப் போய்விட்டது. ஆனால் நான் வரும் வரைக்கும் அவர் ஒவ்வொரு நாளும் வாய்க்கால் கட்டால் சுற்றித்தான் நடந்திருக்கிறார். மெசினுக்குத்தான் அனுமதி கேட்டாராம், தனக்குக் கேட்கவில்லையாம். இதை அவரே சொன்னார், அதில் ஒரு குறையும் இருப்பதாக அவருக்குத் தெரியவில்லை.

இப்போது பூட்டு என் அலுமாரிக்குள் கிடக்கிறது. கேற் பகலும் இரவும் திறந்தே இருக்கிறது. தம்பி கேட்கவில்லை, நான் சொல்லவும் இல்லை. அவன் அடுத்த வட்டம் ஒன்று தொடங்கிவிட்டானாம், இது இன்னும் பெரிதாம்.

கேற் திறந்திருந்தாலும் பின்காணிக்காரர் உள்ளே கால்வைக்க மாட்டார். விடிய ஆறு மணிக்கு அந்தப் பக்கம் நின்று, "அம்மா, போறேங்க" என்பார். முன்பு குசினிக்குள் இருந்து "போம்" என்பேன். இப்போது முற்றத்துக்கு வந்து நின்று, "நீங்கள்" வைத்து "போங்கோ" என்கிறேன். என்னுடைய திருந்தல் அவ்வளவுதான். அந்தச் சேற்றுச் சப்பாத்துக் கிழவன் போ என்றும் சொல்லவில்லை, வா என்றும் சொல்லவில்லை. என்னட்டைக் கேக்கத் தேவையில்லை, பாதை என்ரையில்லை என்றான். அதைச் சொல்லத்தான் ஒவ்வொரு நாளும் முற்றத்துக்கு வருகிறேன். இன்று காலையும் வந்தேன். வாயைத் திறந்தேன். "போங்கோ" என்றுதான் வந்தது.